பத்திரம் பெட்டியில், தோப்பு பங்காளியிடம்

மஞ்சப்பையில் பத்திரங்களைச் சுருட்டிக்கொண்டு என் வக்கீல் ஆபீசுக்கு வந்திருந்தார் அவர். அழகர்கோவில் பக்கம் ஒன்றரை ஏக்கர் மாந்தோப்பு. (ஆள் தெரியாமலிருக்க விவரங்களைக் கொஞ்சம் மாற்றியிருக்கிறேன்.) 1996-ல் கிரயம் வாங்கியவர், திருப்பூரில் வேலை என்பதால் சித்தப்பா மகனைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். ஓய்வுபெற்றுத் திரும்பினால் தம்பி வேலியருகிலேயே மறிக்கிறார். "பன்னெண்டு வருஷத்துக்கு மேல நான்தான் அனுபவிக்கிறேன். இனி இது என் சொத்து."

"சார், பத்திரம் என் பேர்ல இருக்கு. நாலு ஆளைக் கூட்டிட்டுப் போயி வேலியைப் போட்டுரட்டுமா?"

வேண்டவே வேண்டாம் என்றேன். அனுபவத்தில் இருப்பவரை, அதாவது இடத்தைக் கையில் வைத்திருப்பவரை, சட்டப்படி அல்லாமல் வெளியேற்றினால், ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டம் 6-வது பிரிவின்படி ஆறு மாதத்துக்குள் அவர் வழக்குப் போடலாம். அதில் பத்திரம் யார் பெயரில் என்ற பேச்சே எடுபடாது. நேற்றுவரை இடம் யார் கையில் இருந்தது என்று மட்டும்தான் நீதிமன்றம் பார்க்கும். தீர்ப்பு பாதகமானால் மேல்முறையீடும் கிடையாது. அவர் வெறும் காவலாள்தான் என்று நாம் வாதாடலாம். ஆனால் வாதி நாற்காலியில் தம்பியை உட்காரவைத்தது நம் அவசரமாகத்தான் இருக்கும்.

சரி, அந்தப் பன்னிரண்டு வருஷம்? மதுரை நீதிமன்ற வாசல் டீக்கடையில் கேட்டால் ஆளாளுக்குச் சொல்வார்கள். காலவரையறைச் சட்டத்தின் 65-வது கூறில் அந்தக் கணக்கு உண்டுதான். ஆனால் கடிகாரம் ஓட ஆரம்பிப்பது தம்பி தோப்புக்குள் கால் வைத்த நாளில் அல்ல. "இது உன்னுடையது இல்லை, என்னுடையது" என்று உரிமையாளருக்குத் தெரியும்படி வெளிப்படையாக நிற்கத் தொடங்கிய நாளில். அனுமதியோடு இருப்பவர் முப்பது வருஷம் இருந்தாலும் அது எதிரிடை அனுபவம், அதாவது உரிமையாளரை மறுத்து இடத்தை வைத்திருப்பது, ஆகாது. எந்தத் தேதியிலிருந்து எதிரிடை என்பதை அவர்தான் நிரூபிக்க வேண்டும்.

அதற்காக அசட்டையாகவும் இருக்க முடியாது. அப்படி நிஜமாகவே பன்னிரண்டு வருஷம் கடந்துவிட்டால், அதே காலவரையறைச் சட்டத்தின் 27-வது பிரிவின்படி பத்திரக்காரரின் உரிமையே அற்றுப்போகும். அனுபவக்காரர் தற்காப்புக்கு மட்டுமல்ல, வாதியாகவே வந்து உரிமை கேட்கலாம் என்று 2019-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது.

தம்பி பட்டாவிலும் தன் பெயரை ஏற்றியிருந்தார். அதைப் பார்த்துத்தான் நம்மாள் அதிகம் பயந்தார். பட்டா தீர்வை வசூலுக்கான வருவாய்த்துறைக் கணக்கு. பட்டாவை மட்டும் வைத்து யாரும் உரிமையாளர் ஆகிவிட முடியாது. ஆனால் அடங்கலும் (கிராமத்துச் சாகுபடிக் கணக்கு) தீர்வை ரசீதும் அனுபவத்துக்குச் சாட்சி சொல்லும். வெளியூரில் இருப்பவர்கள் கோட்டை விடுவது இங்கேதான். வருஷத்துக்கு ஒரு முறையாவது பட்டாவையும் வில்லங்கத்தையும் ஆன்லைனில் பாருங்கள், காசா பணமா!

வழக்கு போடும்போதும் ஒரு கவனம் வேண்டும். இடம் கையில் இல்லாதவர் வெறும் தடையுத்தரவு மட்டும் கேட்டால் வழக்கு நிற்காது. உரிமை விளம்புகையும் (இடம் இவருடையதுதான் என்ற அறிவிப்பு) சுவாதீனமும் (இடத்தைக் கையில் ஒப்படைப்பது) சேர்த்தே கேட்டோம்.

எதிரிடை அனுபவம் 1996-லிருந்தே என்று தம்பி எதிருரை போட்டார். அப்புறம் ஒரு நாள், பேச்சுவாக்கில், "தம்பி மாம்பழமெல்லாம் அனுப்புவான் சார்" என்றார் இவர். எதில் சொல்லி அனுப்புவார் என்று கேட்டேன். மகளின் பழைய போனில் இருந்தது, 2019 வாட்ஸப் செய்தி: "அண்ணே, உங்க தோப்புல இந்த வருஷம் காய்ப்பு கம்மி. ரெண்டு கூடை பஸ்ல ஏத்திவிட்டிருக்கேன்."

"உங்க தோப்பு". அந்த ஒரு சொல் போதும். போனைப் பத்திரப்படுத்தச் சொல்லி, மின்னணுச் சாட்சியத்துக்குத் தேவையான சான்றிதழோடு தாக்கல் செய்தோம்.

குறுக்கு விசாரணையில் அதை வாசித்துக் காட்டியதும் தம்பி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நான் அனுப்புனதுதான்" என்றார். அடுத்த மாதம் சமரச மையத்தில் உட்கார்ந்தோம். அந்த வருஷக் காய்ப்பைத் தம்பியே பறித்துக்கொள்வது என்று பேசி, மோட்டார் ரூம் சாவியை வாங்கிக்கொண்டு வந்தோம்.