வினைல் தரையைத் தின்னும் மணல்

பாம்பன், மண்டபம் பக்கம் வீட்டுக்கு வினைல் ஷீட் விரித்தவர்கள் முதலில் பயப்படுவது தண்ணீருக்குத்தான். வினைல் என்பது பி.வி.சி.; மேலே சிந்திய தண்ணீர் அதற்குள் இறங்காது. இங்கே அதைத் தின்பது மணல்.

ஷீட்டின் வெட்டு விளிம்பைப் பாருங்கள். அடியில் தடித்த பிளாஸ்டிக், அதன்மேல் மரம் மாதிரியோ கல் மாதிரியோ அச்சடித்த படம், உச்சியில் நிறமில்லாத ஒரு காப்புப் படலம். வீட்டு ஷீட்டுகளில் அந்தப் படலம் பெரும்பாலும் அரை மில்லிமீட்டரைத் தாண்டாது. கடற்கரை மணலில் நிறைந்திருக்கும் குவார்ட்ஸ் என்ற கனிமமோ, 1 முதல் 10 வரை போகும் மோஸ் கடினத்தன்மை அளவில் 7. கத்தி அலகே சுமார் 5.5 தான். செருப்போடு வந்த ஒரு துகள் காலடியில் சிக்கினால், மிதிக்கிற பாரம் அதன் கூர்முனை வழியாக இறங்கிக் கோடு கிழிக்கும். கோடுகள் பெருகினால் ஒளி சிதறித் தரை வெளிறித் தெரியும். அதை அழுக்கென்று நினைத்து அழுத்தித் துடைத்தால் மாப்பில் ஒட்டிய மணல் இன்னும் கீறும். பெருக்காமல் துடைக்கவே கூடாது.

நிலைப்படிக்கு வெளியே தேங்காய் நார் மிதியடி போடலாம். வினைல் மேல் கருப்பு ரப்பர் மேட் மட்டும் வேண்டாம். ரப்பர் வெடிக்காமலிருக்க அதில் சேர்த்த வேதிப்பொருள் மெல்ல வினைலுக்குள் கசியும். வெளிச்சம் பட்டால் மஞ்சளாகி, பழுப்பாகும். கறை ஷீட்டுக்கு உள்ளேயே இருப்பதால் எந்த சோப்புக்கும் அசையாது. ஃபிரிட்ஜின் ரப்பர் காலும் இதே வேலையைச் செய்யும்.

சாயங்காலமானால் தரை பிசுபிசுக்கிறதா? உப்புத் தண்ணீரில் துடைத்திருப்பீர்கள். காய்ந்தபின் தங்கும் உப்பில் மக்னீசியம் குளோரைடு இருந்தால், அது காற்றின் ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும். நல்ல தண்ணீரைக் குடக்கணக்கில் விலைக்கு வாங்கும் ஊரில் வாளி வாளியாகச் செலவழிக்கச் சொல்ல எனக்கு மனம் வராது. கடைசித் துடைப்புக்கு மட்டும் ஒரு சொம்பு போதும், துணியை நன்றாகப் பிழிந்து.

ஃபைபர் படகு வேலை பார்க்கும் வீடுகளில் அசிட்டோன், தின்னர் டப்பாக்கள் திண்ணையோடு நிற்கட்டும். சிந்தினால் படலம் இளகி மங்கிவிடும்.

ஈரம் கீழிருந்து ஏறினால் கதை வேறு, ஒட்டிய பசை விட்டு ஷீட் உப்பும். விரிப்பதற்கு முன்பே சோதித்துவிடலாம்: ஒன்றரை அடிச் சதுரப் பாலித்தீனை சிமெண்ட் தரையில் வைத்து நாலு பக்கமும் டேப் ஒட்டுங்கள். 16 மணி நேரம் கழித்துப் பிரிக்கும்போது அடியில் நீர்த்துளி கோத்திருந்தாலோ சிமெண்ட் கருத்திருந்தாலோ, இப்போதைக்கு ஷீட் விரிக்காதீர்கள்.