ஆயில் சீல் ஒழுகினால் ஷாஃப்ட்டைப் பார்

பாம்பனில் கட்டிக் கிடக்கும் ஒரு விசைப்படகின் என்ஜின் அறைக்குள் இறங்கிப் பாருங்கள். விசிறியைச் சுழற்றும் நீண்ட தண்டான ஷாஃப்ட், படகின் உடம்பைத் துளைத்துக்கொண்டு கடலுக்குள் போகும் இடத்தில் கிரீஸ் தோய்த்த கயிற்றைத் திணித்து நட்டு போட்டு இறுக்கியிருப்பார்கள். படகு ஓடும்போது அங்கே சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழும். யாரும் பதற மாட்டார்கள். கொஞ்சம் சொட்டினால்தான் கயிறு சூடேறிக் கருகாமல் இருக்கும். சொட்டு கூடினால் நட்டை இன்னும் ஒரு திருகு. அவ்வளவுதான்.

கரையில் ஓடும் காருக்கும் சிக்கல் இதேதான். கியர் பாக்ஸின் சுவரில் ஒரு துளை, அதன் வழியே சக்கரத்துக்குப் போகும் டிரைவ் ஷாஃப்ட், உள்ளே எண்ணெய். ஆனால் இங்கே ஒரு சொட்டுகூட வெளியே வரக் கூடாது. இறுக்கிக்கொள்ள நட்டும் கிடையாது. எல்லாப் பொறுப்பும் உள்ளங்கையில் அடங்கும் ஒரு ரப்பர் வளையத்தின் தலையில். அதுதான் டிரைவ் ஷாஃப்ட் ஆயில் சீல்.

ஒரு புது சீலைக் கையில் எடுத்துப் பார்த்தால் வெளிச்சுற்றில் தகட்டுக் கூடு தெரியும், சிலவற்றில் அதன் மேலும் ரப்பர் பூசியிருக்கும். முகப்பில் மூன்று எண்கள்: உள் விட்டம், வெளி விட்டம், தடிமன். உள்பக்கமாக நீண்டு நிற்கும் மெல்லிய ரப்பர் விளிம்பை லிப் என்பார்கள். லிப்பின் முதுகில் சன்னக் கம்பியால் ஆன ஸ்பிரிங் ஒன்று வளையமாக உட்கார்ந்திருக்கும். அதற்கு வெளியே இன்னொரு சின்ன லிப், தூசியைத் தடுப்பதற்கு. லிப்பின் உள் விட்டம் ஷாஃப்ட்டைவிடக் கொஞ்சம் சிறியது. அதனால் ஷாஃப்ட்டைக் கவ்விப் பிடிக்கும். ரப்பர் நாளாக ஆக நெகிழ்ந்தாலும் ஸ்பிரிங் விடாது.

1930-களின் தொடக்கத்தில் ஜெர்மனியில் ஃபிராய்டன்பெர்க் என்ற தோல் பதனிடும் நிறுவனத்தில் வால்டர் சிம்மர் என்ற பொறியாளர் இந்த வகை சீலுக்கு உருவம் கொடுத்தபோது லிப் தோலால் ஆனது. அதே பத்தாண்டில் செயற்கை ரப்பர் வந்து தோலைத் தள்ளிவிட்டது. ஆனால் அது எப்படி எண்ணெயைத் தடுக்கிறது என்பது பிடிபட இன்னும் கொஞ்ச காலம் ஆயிற்று. ரப்பர் அழுத்திப் பிடிக்கிறது, எண்ணெய் நிற்கிறது, இதில் என்ன புதிர் என்றுதான் யாருக்கும் தோன்றும். 1957-ல் பிரிட்டனில் ஜாகர் என்ற ஆய்வாளர் காட்டியது வேறு. ஓடும்போது லிப் ஷாஃப்ட்டைத் தொடுவதே இல்லை. இரண்டுக்கும் நடுவே ஒரு மைக்ரான் கணக்கில் எண்ணெய்ப் படலம் இருக்கிறது. நம் தலைமுடி எழுபது மைக்ரான் தடிமன் இருக்கும் என்றால் படலம் எவ்வளவு மெலிது என்று பார்த்துக்கொள்ளுங்கள். அந்தப் படலம் இல்லாவிட்டால் ரப்பர் தேய்ந்து தீய்ந்துவிடும்.

சரி, படலம் இருக்கிறது என்றால் அது ஏன் வெளியே வழிந்து வரவில்லை? லிப்பின் முனையை வெட்டிப் பார்த்தால் இரண்டு பக்கமும் ஒரே சாய்வில் இருக்காது. எண்ணெய்ப் பக்கம் செங்குத்தாக, 45 டிகிரி போல. காற்றுப் பக்கம் படுத்தாற்போல், 25 டிகிரி போல. அதனால் அழுத்தம் எண்ணெய்ப் பக்கமாக ஒதுங்கி விழுகிறது. ஷாஃப்ட் சுற்றும்போது ரப்பரின் மேலுள்ள நுண்ணிய மேடுபள்ளங்கள் இழுபட்டுச் சரிந்து, எண்ணெயை உள்பக்கமாகவே தள்ளிவிடுகின்றன. அதாவது அந்த வளையம் ஒரு குட்டி பம்பு. நல்ல சீல் ஓடும்போது காற்றுப் பக்கத்தில் ஒரு சொட்டு எண்ணெய் வைத்தால் அதையும் உறிஞ்சி உள்ளே அனுப்பிவிடும். சீலைத் திருப்பி மாட்டினால்? அதே பம்பு கியர் பாக்ஸைக் காலி செய்துவிடும். ஸ்பிரிங் தெரியும் பக்கம் எண்ணெயைப் பார்த்து இருக்க வேண்டும் என்று பட்டறையில் படித்துப் படித்துச் சொல்வது இதனால்தான். சில கார்களில் காற்றுப் பக்கத்தில் சாய்வான வரிகள் வைத்து பம்புக்கு இன்னும் பலம் சேர்த்திருப்பார்கள். அந்த சீலுக்கு இடது வலது உண்டு. மேலே அம்புக்குறி போட்டிருக்கும். இரண்டும் ஒரே அளவுதானே என்று மாற்றி அடித்தால் புது சீலே ஒழுகும்.

இந்த வளையம் படும் பாட்டையும் ஒரு கணக்குப் போட்டுவிடலாம். சக்கரம் ஒரு சுற்றுக்கு 1.9 மீட்டர் ஓடும் என்று வைத்தால், ஒரு லட்சம் கிலோமீட்டருக்கு ஐந்தேகால் கோடி சுற்று. சீல் உட்காரும் இடத்தில் ஷாஃப்ட்டின் விட்டம் 35 மில்லிமீட்டர் என்றால், லிப்புக்கு அடியில் நழுவிப் போன உலோகத்தின் நீளம் சுமார் 5,800 கிலோமீட்டர். ராமேஸ்வரத்திலிருந்து காசிக்குச் சாலை வழியே போய்த் திரும்பினாலும் மிச்சம் இருக்கும்.

இவ்வளவு தூரம் தேயாமல் ஓடக் காரணம் படலமும், அதற்கு அடியிலுள்ள ஷாஃப்ட்டின் வழவழப்பும்தான். நம் கரையில் அடி விழுவதும் இந்த இரண்டின் மேல்தான்.

ராமேஸ்வரம் தீவுக்கு வடக்கே பாக் விரிகுடா, பெண் கடல். தெற்கே மன்னார் வளைகுடா, ஆண் கடல். அலை உடையும்போது வெடிக்கும் குமிழ்கள் உப்புத் துளிகளைக் காற்றில் ஏற்றுகின்றன. தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் அதை ஆண் கடல் வாரி வழங்கும். துளிகள் காரின் அடிப்பக்கம் போய் ஒட்டும். சாதாரண உப்பு, காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் ஈரத்தை இழுத்துக் கரையும். கடல் உப்போடு வரும் மக்னீசியம் குளோரைடுக்கு 33 சதவீதமே போதும். நம் பக்கம் பகல் வெயிலில்கூட ஈரப்பதம் அதற்குக் கீழே இறங்குவது அபூர்வம். ஆக, அடிப்பக்கம் காய்ந்தாற்போல் தெரிந்தாலும் இரும்பின் மேல் உப்பு நீர்ப் படலம் ஒன்று எப்போதும் இருந்துகொண்டே இருக்கிறது.

தினமும் ஓடும் காரில் லிப்புக்கு அடியில் எண்ணெய் இருப்பதால் துரு அண்டாது. நிற்கும் காரில்தான் வினை. கீழக்கரை, பெரியபட்டினம், தொண்டி பக்கம் இதைப் பார்க்கலாம். வீட்டுக்காரர் வளைகுடா நாட்டில் இருப்பார். கார் போர்டிகோவில் துணி போர்த்தி நிற்கும். மாதக்கணக்கில் நின்றால் லிப் படலத்தைப் பிதுக்கி வெளியே தள்ளிவிட்டு, ஷாஃப்ட்டின் மேல் காய்ந்து உட்கார்ந்துவிடும். லிப்பின் வெளி விளிம்பை ஒட்டி ஒரு மெல்லிய செந்துரு வளையம் பிடிக்கத் தொடங்கும். அவர் லீவில் வந்து வண்டியை எடுத்ததும் ஷாஃப்ட் முன்னும் பின்னும் லேசாக அசையும். அந்தத் துரு லிப்புக்கு அடியில் போய்விடும். நகைக்கு மெருகேற்றும் செந்தூள்கூட இரும்பு ஆக்சைடுதான். அது உலோகத்தை என்ன செய்யும் என்று சொல்லத் தேவையில்லை.

மணலும் இப்படித்தான். தனுஷ்கோடி அரிச்சல்முனை வரை 2017-ல் தார்ச்சாலை வந்துவிட்டாலும் மணல் சாலையைக் கடந்து பறப்பது நிற்கவில்லை. தூசி லிப் கிழிந்திருந்தால் ஒரு துகள் உள்ளே வந்து ரப்பரில் புதைந்துகொள்ளும். குவார்ட்ஸ் மணல் ஷாஃப்ட்டின் எஃகைவிடக் கடினமானது. புதைந்த துகள் அசையாமல் ஒரே இடத்தில் நிற்க, ஷாஃப்ட் அதன் மேல் கோடிக்கணக்கில் சுற்ற, எஃகில் காடி விழும். மெத்தென்ற ரப்பர் எஃகை அறுக்குமா என்று கேட்பவர்களுக்குப் பதில் இதுதான்: அறுப்பது ரப்பர் இல்லை, அது பிடித்து வைத்திருக்கும் மணல்.

ராமநாதபுரத்துப் பட்டறை ஒன்றில், மூன்று மாதத்தில் இரண்டாவது தடவை ஒழுகிய காரின் ஷாஃப்ட்டைக் கழற்றி வைத்துவிட்டு மெக்கானிக் சொன்னார்: "சீல் நல்ல சீல்தான் அண்ணே. இந்தா, நகத்த வச்சு இழுத்துப் பாருங்க, தட்டுதா?" தட்டியது. கண்ணுக்கு வெறும் பளபளப்பான கோடாகத் தெரிந்த இடத்தில் நகம் போய் மாட்டியது. அந்தக் காடியில் எந்த சீலை வைத்தாலும் படலம் சமமாக நிற்காது. அதனால் சீல் மட்டும் மாற்றுவது பாதி வேலைதான்.

காடி மெலிதாக இருந்து, சீல் உட்காரும் துளையில் இடமும் இருந்தால், புது சீலை ஒன்றிரண்டு மில்லிமீட்டர் முன்னாலோ பின்னாலோ உட்கார வைத்து லிப்பைப் புது இடத்தில் ஓடவிடலாம். ஷாஃப்ட்டின் மேல் மெல்லிய உலோக உறை ஏற்றலாம். ஆழமாக இருந்தால் ஷாஃப்ட் முனையை மாற்றுவதே சரி. லேசான துருவை நைஸ் உப்புத்தாள் போட்டு எடுக்கலாம், ஆனால் தாளைச் சுற்றுவாக்கில் மட்டும் ஓட்ட வேண்டும். பக்கவாட்டில் நகர்த்திக்கொண்டே தேய்த்தால் கண்ணுக்குத் தெரியாத மரை விழும். அந்த மரை எண்ணெயை வெளியே இழுத்து வரும்.

இன்னொரு குற்றவாளி கியர் பாக்ஸின் மேலுள்ள மூச்சுக்குழாய். உள்ளே 30 டிகிரியில் இருந்த காற்று 90 டிகிரிக்குப் போனால் அழுத்தம் ஐந்தில் ஒரு பங்கு ஏறும். அந்தக் குழாய் மணலும் எண்ணெய் அழுக்கும் அடைத்து மூடியிருந்தால் காற்று சீல் வழியாகத்தான் எண்ணெயைத் தள்ளும். ஆறும்போது எதிர்மாறாக, வெளியிலுள்ள உப்பு ஈரத்தை உள்ளே உறிஞ்சும். சூடான வண்டியைக் கடல் தண்ணீரில் இறக்குகிறவர்கள் இதை யோசிக்க வேண்டும். ஆட்டோமேட்டிக் கியர் பாக்ஸின் எண்ணெயில் தண்ணீர் கலந்தால், உள்ளேயுள்ள கிளட்ச் தட்டுகளின் காகித லைனிங் பசை விட்டு உரிந்துவிடும்.

ஆட்டோமேட்டிக் காரில் இந்தக் கசிவை அலட்சியம் செய்யக் கூடாது என்பதற்கு மூல காரணமும் அந்த எண்ணெய்தான். மேனுவல் பாக்ஸில் எண்ணெய் பற்சக்கரங்களை நனைக்கிறது, அத்துடன் சரி. டார்க் கன்வெர்ட்டர் வைத்த ஆட்டோமேட்டிக்கில் என்ஜினின் சக்தியைக் கடத்துவதே எண்ணெய். கிளட்சை அழுத்திப் பிடிப்பதும், சூட்டைக் கொண்டுபோவதும் எண்ணெய். அளவு குறைந்தால் பம்பு காற்றை இழுக்கும், அழுத்தம் விழும், கிளட்ச் வழுக்கும், சூடேறும். சில நூறு ரூபாய் சீலில் ஆரம்பித்தது பெரிய பில்லில் போய் முடியும். 2014-ல் மாருதி செலிரியோவோடு நம் ஊரில் பரவிய ஏ.எம்.டி. வண்டிகள் இதில் சேராது. அவை மேனுவல் பாக்ஸே, கியரை மாற்றும் வேலை மட்டும் இயந்திரத்துக்கு. அவற்றுக்குக் கியர் ஆயில்தான்.

ஒழுகுவது இந்த சீல்தானா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? காரின் கீழே அட்டை விரித்துப் பார்த்தால் சொட்டு விழும் இடம் தெரியும், ஆனால் காற்று அதை நகர்த்தியிருக்கும். அதைவிட நல்ல சாட்சி, கியர் பாக்ஸை ஒட்டி, ஷாஃப்ட் மடங்கிக் கொடுக்க வைத்திருக்கும் ஜாயிண்ட்டைச் சுற்றிய பாகங்கள். சுற்றும் ஜாயிண்ட் எண்ணெயை வீசி அடிப்பதால் ஒரே நேர்கோட்டில் மேலும் கீழும் ஈரப் பட்டை தெரியும். பட்டை கெட்டியாக, கருப்பாக இருந்தால் அது ஜாயிண்ட்டை மூடியிருக்கும் ரப்பர் உறையான பூட் கிழிந்து வந்த கிரீஸ்.

வேலை இப்படிப் போகும். கார் தரையில் நிற்கும்போதே, சக்கரத்தின் நடுவில் ஷாஃப்ட்டைப் பிடித்திருக்கும் ஹப் நட்டைத் தளர்த்தி, பிறகு ஜாக்கி. மணல் தரை என்றால் ஜாக்கிக்கும் ஸ்டாண்டுக்கும் அடியில் தடித்த பலகை கட்டாயம். வெறும் ஜாக்கியை நம்பி யாரும் கீழே படுக்கக் கூடாது. எண்ணெயை வடித்து அளந்து வைக்க வேண்டும். சக்கரத்தின் ஹப்பைக் கீழிருந்து பிடித்திருக்கும் மூட்டான லோயர் ஆர்ம் பால் ஜாயிண்ட்டைப் பிரித்து ஹப்பை வெளியே சாய்த்தால் ஷாஃப்ட்டின் வெளிமுனை விடுபடும். உள்முனையை சர்க்ளிப் என்ற வாய் திறந்த கம்பி வளையம் ஒன்று பிடித்திருக்கும். இங்கே ஷாஃப்ட்டைப் பிடித்து இழுப்பது பலர் செய்வது, செய்யக் கூடாதது. உள்ளே இருக்கும் ஜாயிண்ட்தான் கழன்று வரும். ஜாயிண்ட்டுக்கும் கியர் பாக்ஸுக்கும் நடுவே லிவரைக் கொடுத்து ஒரு நெம்பு. டக்கென்று விடும்.

பழைய சீல் எவ்வளவு ஆழத்தில் இருந்தது என்று அளந்துவிட்டு, துளையின் சுவரில் கீறல் விழாமல் கிளப்ப வேண்டும். புதிய சீலின் லிப்பில் அந்தக் காருக்கு உரிய எண்ணெயைத் தடவி, சீலின் விளிம்புக்குச் சமமான குழாய்த் துண்டை வைத்து, கோணாமல் தட்டி இறக்க வேண்டும். சுத்தியலால் ஒரு ஓரமாக அடித்தால் தகடு நெளியும். அதிர்ச்சியில் ஸ்பிரிங்கும் கழன்று விழலாம்.

ஷாஃப்ட்டைத் திரும்ப நுழைப்பதுதான் மொத்த வேலையிலும் கண்டத்துக்குரிய நேரம். ஷாஃப்ட் முனையில் வெட்டியிருக்கும் பற்கள் கூர்மையானவை. லிப்பின் மேல் ஒரு முறை உரசினால் போதும். ஆள் ஒருவர் எடையைத் தாங்கிப் பிடிக்க, துளையின் நட்ட நடுவில், பற்கள் லிப்பைத் தாண்டும்வரை நேராகவே கொண்டுபோக வேண்டும். புது சர்க்ளிப் போட்டு, வாய் கீழ்ப்பக்கம் பார்க்க வைத்துத் தள்ளினால் உள்ளே போய்க் கொளுவும் சத்தம் கேட்கும். ஜாயிண்ட்டைக் கையால் இழுத்துப் பார்த்து உறுதி செய்துகொள்ளலாம். ஹப் நட்டைப் புதிதாகப் போட்டு, கம்பெனி சொன்ன டார்க் அளவுக்கு இறுக்கினால் இயந்திர வேலை முடிந்தது.

எண்ணெய் ஊற்றுவதில் அவசரம் ஆகாது. வடித்த அளவுக்கு முதலில் ஊற்றலாம், ஆனால் கசிந்து போனது அந்தக் கணக்கில் வராது. பல புதிய ஆட்டோமேட்டிக் கார்களில் எண்ணெய் மட்டம் பார்க்கும் குச்சி கிடையாது. என்ஜின் ஓடிக்கொண்டிருக்க, எண்ணெய் குறிப்பிட்ட சூட்டில் இருக்கும்போது ஒரு பிளக்கைத் திறந்து வழிகிறதா என்று பார்ப்பார்கள். ஆறு லிட்டர் எண்ணெய் 30 டிகிரியிலிருந்து 90-க்குப் போனால் சுமார் கால் லிட்டர் பெருகும் என்பதால் சூட்டைப் பார்க்காமல் அளவு பார்ப்பதில் பொருளில்லை. எண்ணெயின் வகையும் கையேட்டில் சொன்னதாகவே இருக்க வேண்டும்; பற்சக்கரத்துக்குப் பதில் பெல்ட்டில் ஓடும் ஆட்டோமேட்டிக்கான சி.வி.டி.க்கு உரியதைச் சாதாரண ஆட்டோமேட்டிக்கில் ஊற்றக் கூடாது, மாற்றியும் கூடாது.

கடைசியாக, கியர் பாக்ஸின் அடியையும் ஜாயிண்ட்டைச் சுற்றியும் மண்ணெண்ணெய் நனைத்த பனியன் வேஸ்ட்டால் துடைத்துவிட வேண்டும், ரப்பர் பூட்டில் மட்டும் படாமல். இதை விட்டுவிட்டால் இடுக்கில் தங்கிய பழைய எண்ணெய் நாலு நாள் சொட்டும். சீல் மறுபடியும் போய்விட்டது என்று நினைத்து நல்ல வேலையைப் பிரிப்பார்கள். துடைத்த பிறகு உச்சிப்புளி வரை ஓட்டித் திரும்பி வந்து, டார்ச் அடித்து அந்த ஈரப் பட்டை திரும்ப விழுந்திருக்கிறதா என்று மட்டும் பார்த்தால் போதும்.