குடத்திலிருந்து எடுத்த அதிகாரம்

ஒரு ஆட்சிக்கு ஆளும் உரிமை உண்டா என்பதை, ஜெயித்தவரின் பதவியேற்பு விழாவை வைத்துச் சொல்லிவிட முடியாது. தோற்றவர் என்ன செய்கிறார் என்று பார்க்க வேண்டும். "சரி, முறைப்படிதான் நடந்திருக்கிறது" என்று அவர் வீட்டுக்குப் போகிறாரா, ஆள் திரட்டிக்கொண்டு திரும்பி வருகிறாரா?

வரலாற்றில் பெரும்பாலான அரசுகள் இந்த ஒப்புதலை வானத்திலிருந்துதான் இறக்கின. கி.மு. 1046 வாக்கில் ஷாங் மன்னரை வீழ்த்திய சீனாவின் ஜோ மரபினர், வானத்தின் ஆணை தங்கள் பக்கம் மாறிவிட்டது என்றார்கள். ஐரோப்பிய மன்னர்களும் கடவுளையே சாட்சிக்கு அழைத்தார்கள். இதில் ஒரு சிக்கல் உண்டு. ஆணை யாரிடம் இருக்கிறது என்பது போர் முடிந்த பிறகுதான் தெரியும். சில சமூகங்கள் இதற்கு வேறொரு வழி கண்டன. தேர்ந்தெடுக்கும் வேலையை யார் கையிலும் கொடுக்காமல், குலுக்கலிடம் விட்டுவிட்டன.

பண்டைய கிரேக்க நகரமான ஏதென்ஸ் இதற்காக ஒரு கருவியே செய்தது. ஆளுயரப் பளிங்குப் பலகையில் வரிசை வரிசையாகச் சிறு பிளவுகள் இருக்கும். நீதிமன்றத்தில் அமர விரும்பும் குடிமகன், தன் பெயர் பொறித்த வெண்கலத் தகட்டைக் கொடுப்பான். தகடுகளைப் பிளவுகளில் செருகுவார்கள். பக்கவாட்டுக் குழாயில் கறுப்பும் வெள்ளையுமான காய்களைக் கலந்து கொட்டி, ஒவ்வொன்றாக விழச் செய்வார்கள். வெள்ளை விழுந்தால் அந்தக் கிடைவரிசையில் இருக்கும் எல்லோரும் இன்று நீதிபதிகள். கறுப்பு விழுந்தால் அந்த வரிசை முழுவதும் வீட்டுக்கு. யார் எந்த வழக்கை விசாரிப்பார் என்பது அன்று காலைவரை யாருக்கும் தெரியாது. அதனால் முன்கூட்டியே லஞ்சம் கொடுக்க ஆள் கிடைக்காது. அந்தக் காலத்துக் கல்லறைகள் சிலவற்றில் இந்த வெண்கலத் தகடுகள் கிடைத்திருக்கின்றன. இறந்த பிறகும் கூடவே வைத்துப் புதைக்கும் அளவுக்கு அது மதிப்பான பொருள்.

ஐந்நூற்றுவர் அவைக்கும் குலுக்கல்தான். ஆனால் படைத்தளபதிகளை மட்டும் அவர்கள் வாக்களித்தே தேர்ந்தெடுத்தார்கள். எந்த வேலைக்குக் குலுக்கல் போதும், எதற்குத் திறமை கட்டாயம் என்று யோசித்திருக்கிறார்கள். குலுக்கல் வெறும் குருட்டு நம்பிக்கை என்று ஒதுக்கிவிடக் கூடாது என்று நான் சொல்வது இதனால்தான்.

அடுத்தது நமக்குப் பக்கத்து ஊர். உத்திரமேரூரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள், 919, 921 ஆகிய ஆண்டுகளைச் சேர்ந்தவை, ஊர் நிர்வாகக் குழுக்களுக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் குடவோலை முறையை விளக்குகின்றன. முப்பது குடும்புகள், அதாவது இன்றைய வார்டுகள் போன்ற பிரிவுகள். ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளவர்களின் பெயரை ஓலையில் எழுதி, கட்டாகக் கட்டி, குடத்தில் போட்டு, கூடியிருக்கும் எல்லோருக்கும் தெரியும்படி தூக்கிக் காட்ட வேண்டும். உள்ளே என்ன இருக்கிறது என்று அறியாத ஒரு சிறுவன் ஒரு கட்டை எடுப்பான். அதைப் பிரித்து வேறொரு குடத்தில் போட்டுக் குலுக்கியபின், அதிலிருந்து ஒரே ஒரு ஓலையை எடுப்பான். அதை வாங்குபவர் ஐந்து விரலையும் விரித்து, உள்ளங்கையில் வாங்க வேண்டும். வேறு ஓலையை விரலிடுக்கில் மறைத்துவைத்து மாற்றிவிடக் கூடாது அல்லவா! ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஏமாற்றுக்காரனின் கையை இவ்வளவு நுணுக்கமாக யோசித்துக் கல்லில் வெட்டியவர்களை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்புதான்.

பதவி 360 நாள். கணக்குக் காட்டாமல் போனவருக்கு மறுபடி இடமில்லை. அவருடைய சின்னம்மா, பெரியம்மா பிள்ளைகள், மாமன் என்று உறவுக்கும் தடை. கெட்டுப்போன ஒருவர் தன் ஆளை உள்ளே நுழைக்கும் வழியையும் சேர்த்தே அடைத்துவிட்டார்கள்.

வெனிஸ் நகரம் இதையெல்லாம் விடச் சிக்கலான முறை ஒன்றை 1268-ல் தொடங்கியது. குடியரசுத் தலைவரான 'டோஜ்' பதவிக்குப் பெரிய குடும்பங்கள் அடித்துக்கொள்ளும் ஊர் அது. எனவே பெருமன்றத்திலிருந்து 30 பேரைக் குலுக்கி எடுத்து, மறுபடி குலுக்கி 9 பேராக்கினார்கள். அந்த 9 பேர் 40 பேரைத் தேர்ந்தெடுப்பார்கள். 40-ஐக் குலுக்கினால் 12. அந்த 12 பேர் 25 பேரைத் தேர்ந்தெடுக்க, அது குலுக்கலில் மறுபடி 9 ஆகும். அந்த 9 பேர் 45 பேரைத் தேர்ந்தெடுப்பார்கள், குலுக்கினால் 11. கடைசியில் இந்த 11 பேர் தேர்ந்தெடுக்கும் 41 பேர்தான் டோஜைத் தேர்ந்தெடுக்க முடியும். அதற்கும் குறைந்தது 25 வாக்கு வேண்டும். இங்கேயும் குலுக்கலுக்கான பந்தை எடுப்பது தெருவில் கண்ட ஒரு சிறுவன்தான்.

பார்க்கத் தலை சுற்றும். ஆனால் ஒவ்வொரு படிக்கும் வேலை இருக்கிறது. வாக்கெடுப்பு வரும் இடங்களில் சாதாரணப் பெரும்பான்மை போதாது. ஒன்பதில் ஏழு என்பது போன்ற உயர்ந்த வரம்பு வைத்திருந்தார்கள். அதனால் எதிரணியிலும் சிலர் ஒப்புக்கொள்ளும் ஆள்தான் மேலே வர முடியும். அப்புறம் ஒரு கூட்டு உருவாகும் நேரத்தில் குலுக்கல் வந்து அதைக் கலைத்துவிடும். கடைசி 41 பேர் யார் என்று கணிக்க முடியாதபோது, பணத்தை யாரிடம் கொடுப்பது? கணினிப் பாதுகாப்பு ஆய்வாளர்கள்கூட இந்த முறையை ஒரு நெறிமுறையாக எடுத்து ஆராய்ந்திருக்கிறார்கள். 1797-ல் நெப்போலியன் வந்து குடியரசையே முடிக்கும்வரை, ஐந்நூறு ஆண்டுக்கு மேல் இது ஓடியது.

ஆனால் எவ்வளவு நேர்மையாகக் குலுக்கினாலும், குடத்தில் போடாத பெயர் வெளியே வராது. ஏதென்ஸ் பெண்களையும் அடிமைகளையும் சேர்க்கவில்லை. உத்திரமேரூர் ஒரு பிராமணச் சபை. வரி செலுத்தும் நிலமும் சொந்த மனையில் வீடும் வேத அறிவும் இல்லாதவருக்கு அங்கே ஓலையே கிடையாது. வெனிஸ் 1297-ல் பெருமன்றத்தின் கதவைக் குறிப்பிட்ட குடும்பங்களோடு மூடத் தொடங்கியது. புது டோஜை மக்கள்முன் நிறுத்தி "இவர் உங்கள் டோஜ், உங்களுக்கு விருப்பமானால்" என்று சொல்வது வழக்கம். 1423-ல் பிரான்சிஸ்கோ ஃபொஸ்காரி தேர்வானபோது 'விருப்பமானால்' என்பதை விட்டுவிட்டார்கள். உள்ளே இருந்தவர்களுக்கு அந்த முறை மிக நியாயமானது. வெளியே நின்றவர்களுக்கு அது இன்னொரு பூட்டு. இதைச் சொல்லாமல் குடவோலையைப் பெருமையாகப் பேசுவது அரை உண்மை.

குடத்தைப் பெரிதாக்கிப் பார்த்த அண்மைய முயற்சி அயர்லாந்தில் நடந்தது. 1983-ல் அரசியல் சாசனத்தில் சேர்ந்த கருக்கலைப்புத் தடையைத் தொட அரசியல்வாதிகள் தயங்கினார்கள். 2016-ல் வயது, பாலினம், பகுதி, சமூகநிலை எல்லாம் நாட்டின் கலவையை ஒத்திருக்கும்படி 99 பேரைத் தெரிவுசெய்து, நீதிபதி ஒருவர் தலைமையில் மக்கள் மன்றம் அமைத்தார்கள். அவர்கள் மாதக்கணக்கில் மருத்துவர்களையும் வழக்கறிஞர்களையும் இரு தரப்பினரையும் கேட்டு, மாற்றம் வேண்டும் என்றார்கள். 2018 மே 25 வாக்கெடுப்பில் 66.4 சதவீதம் பேர் தடையை நீக்க வாக்களித்தார்கள்.

அதே 2018-ன் தொடக்கத்தில், வேறு தலைப்பைப் பேச அதே மன்றத்துக்கு வந்த புது உறுப்பினர்களில் ஏழு பேர் முறைப்படி தெரிவானவர்கள் அல்ல என்று தெரியவந்தது. ஆள் சேர்க்கப் போனவர் தெரிந்தவர்கள் மூலம் அவர்களைச் சேர்த்திருந்தார். ஏழு பேரையும் நீக்கினார்கள்.