"ரெண்டு இன்ச் கொத்திட்டோம் சார்!"

சென்னை தண்டையார்பேட்டையில், காசிமேடு கடற்கரையிலிருந்து நடந்தே போய்விடக்கூடிய தூரத்தில் ஒரு வீடு. பூச்சு வேலைகூட முடிந்துவிட்டது. ஒரு நாள் காலையில் மேஸ்திரி போன் செய்தார்.

"சார், ஹால் உள்ளளவு 15 அடி 10 இன்ச்தான் வருது. மனையடி கணக்கு பாக்க வந்தவர் 16 வேணும்னுட்டாரு. அதான் பில்லர்ல ரெண்டு இன்ச் கொத்திட்டோம். பட்டி பாத்துட்டா இன்னா தெரியப்போவுது?"

அடித்துப் பிடித்து ஓடினேன். அதற்குள் தூணின் நெட்டுக் கம்பிகளைச் சுற்றிக் கட்டியிருந்த ரிங்குகளில் இரண்டைக் கட்டிங் மெஷினால் அறுத்திருந்தார்கள். வெளியே நீட்டிக்கொண்டிருந்ததாம்!

இரண்டு இன்ச் என்பது சின்ன அளவு இல்லை. அதில் பூச்சு அரை இன்ச். மீதி ஒன்றரை இன்ச்தான் கம்பியை மூடியிருக்கும் கான்கிரீட், நாங்கள் 'கவர்' என்போம். அது போய்விட்டால் கடற்காற்றின் உப்பு நேராகக் கம்பிக்குப் போகும். துரு கம்பியைவிட அதிக இடம் பிடிக்கும், உள்ளிருந்தே கான்கிரீட்டைப் பிளக்கும். ராயபுரம் பக்கம் பழைய வீடுகளில் சிலாப் உதிர்ந்து கம்பி தெரிவதைப் பார்த்திருப்பீர்கள். ரிங் கதை இன்னும் மோசம். பாரம் ஏறும்போது நெட்டுக் கம்பிகள் வெளியே பிதுங்காமல் கட்டிப் பிடித்திருப்பதே அதுதான்.

மனையடி பார்ப்பவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. என் வீட்டுக்கும் அப்பா பார்த்தார். 15 ஆகாது, 16 ஆகும் என்பது அந்த சாஸ்திரத்தில் இருப்பதுதான். ஆனால் அளவைப் பெருக்கி வகுத்து மீதியை வைத்துப் பலன் சொல்லும் ஆயாதிக் கணக்கையும் கொஞ்சம் போட்டுப் பாருங்கள். அதில் யோனி என்று ஒரு பொருத்தம். அதைப் பார்க்க ஒரு முறை, அகலத்தை 3-ஆல் பெருக்கி 8-ஆல் வகுப்பது. மீதி 1 வந்தால் கொடி, 3 சிங்கம், 5 எருது, 7 யானை, எல்லாம் நல்லவை. இரட்டைப்படை ஆகாது. 16 அடிக்கு 48 வரும், மீதி இல்லை. அது காக்கை! மனையடி கொடுத்த யோகத்தை ஆயாதி பிடுங்கிக்கொள்கிறது. 11 அடிக்கு 33, மீதி 1, கொடி. அதே 11 அடியை 132 இன்ச் என்று போட்டால் 396, மீதி 4, நாய். சுவர் ஒரு நூல்கூட நகரவில்லை. அந்த சாஸ்திரப் புத்தகங்கள் பேசுவது கோல், அங்குலம் என்ற பழைய அளவுகளை, நம் கையிலிருக்கும் அடி டேப்பை அல்ல. உங்கள் ஆலோசகர் எந்த அளவில் கணக்குப் போடுகிறார் என்று முதலில் கேளுங்கள்.

எண்ணையும் கட்டடத்தையும் சேர்க்கவே கூடாது என்று நான் சொல்லமாட்டேன். கன்னியாகுமரி திருவள்ளுவர் சிலையில் பீடம் 38 அடி, அறத்துப்பாலின் அதிகாரங்கள். சிலை 95 அடி, பொருளும் இன்பமும். மொத்தம் 133. ஆனால் கணபதி ஸ்தபதி அந்த எண்களை முதலிலேயே வரைபடத்தில் வைத்துவிட்டார். கல் நின்றபிறகு உளியை எடுத்து எண்ணைச் சரிசெய்யவில்லை. கடைக்கால் தோண்டுமுன் யாரை வேண்டுமானாலும் கூட்டி வாருங்கள், அறையை அரை அடி தள்ளிப்போட எனக்கு ஒரு கோடுதான் வேலை. கான்கிரீட் இறுகியபிறகு என்றால் கதையே வேறு.

அப்புறம், அந்தத் தூணுக்கு ஜாக்கெட்டிங் போட்டோம். கூடுதல் கம்பி, சுற்றிலும் நாலு இன்ச் புதுக் கான்கிரீட். ஹால் முதலில் இருந்த 15 அடி 10 இன்ச்சைவிடவும் சுருங்கியது. வீட்டுக்கார அம்மாவுக்கு முகம் வாடிவிட்டது. ரெண்டு வாரம் கழித்து அவரே கூப்பிட்டார்.

"தம்பி, நடுவுல ஒரு தடுப்பு வெச்சு பூஜை ரூம் எடுத்துட்டா ஹால் 11 அடி வருமாமே?"

"எதுல தடுப்பு, அம்மா?"

"பிளைவுட்லதான்."

"தாராளமா வைங்கம்மா" என்றேன்.