மேகம் மேய்ப்பவர்களுக்கு ஒரு பாக்டீரியா

கோத்தகிரியிலிருந்து ஒரு கல்லூரி மாணவி எழுதியிருக்கிறார். மிகுபுனைவு நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறாராம். நீலகிரியை ஒத்த ஒரு மலைநாடு. அங்கே 'முகிலர்' என்ற மந்திரவாதிகளின் குழாம். கூலி கொடுத்தால் மழை பெய்விப்பார்கள், கூடுதலாகக் கொடுத்தால் பகைவனின் தோட்டத்தில் உறைபனியை இறக்குவார்கள். பயிற்சி முடித்த சீடர் ஒரு பச்சிலைப் பொடியை வானத்தை நோக்கி ஊதினால் போதும். "இதில் எவ்வளவு அறிவியலுக்கு ஒத்துவரும், ஐயா?" என்பது கேள்வி. தெரிந்து எழுதினாரோ தெரியாமல் எழுதினாரோ, பச்சிலை என்று சரியான இடத்தில் கை வைத்திருக்கிறார்.

முதலில் அடிக்க வேண்டியதை அடித்துவிடுவோம். குழாமின் தலைவி மேகமே இல்லாத வானத்திலிருந்து மழையை வரவழைக்கும் அத்தியாயம் நிற்காது. ஈரக்காற்று மேலேறிக் குளிர்ந்து, தூசியைப் பற்றிக்கொண்டு துளியாவது பள்ளிப் பாடம். அதற்குத் தேவைப்படும் நீரின் அளவைத்தான் நாம் மறந்துவிடுகிறோம். 2019 ஆகஸ்டில் நீலகிரியின் அவலாஞ்சியில் ஒரே நாளில் 800 மில்லிமீட்டருக்கு மேல் பெய்தது. ஒவ்வொரு சதுர கிலோமீட்டருக்கும் எட்டு லட்சம் டன் தண்ணீர். பருவக்காற்று கடலிலிருந்து தூக்கிவந்தால்தான் உண்டு. மேகத்தை உண்டாக்குவது எந்தக் குழாமாலும் ஆகாது, வந்த மேகத்தைத் தூண்டிவிடலாம், அவ்வளவே.

தூண்டிவிட முடிவதற்குக் காரணம் தண்ணீரின் ஒரு பிடிவாதம். பூஜ்ஜியம் டிகிரி செல்சியஸில் தண்ணீர் உறையும் என்று படித்திருக்கிறோம். தூய்மையான சின்னஞ்சிறு மேகத் துளி அப்படிச் செய்வதில்லை. மைனஸ் 10, மைனஸ் 20 என்று இறங்கினாலும் நீராகவே மிதக்கும். ஏறக்குறைய மைனஸ் 38 வரை தாக்குப்பிடிக்கும். ஏன்? பனிக்கட்டியாக வேண்டுமானால் மூலக்கூறுகள் அறுகோண வரிசையில் நிற்க வேண்டும். துளிக்குள் ஓயாமல் முட்டி மோதிக்கொண்டிருக்கும் மூலக்கூறுகளில் சில, தற்செயலாக அப்படி அணிவகுக்கும், மறுகணமே கலைந்துவிடும். அணி ஒரு குறிப்பிட்ட அளவைத் தாண்டி வளர்ந்தால்தான் நிலைக்கும். பூஜ்ஜியத்துக்கு அருகில் அந்த அளவு மிகப் பெரியது, தற்செயலாக எட்டவே முடியாதது.

இந்த இடத்தில்தான் கோலம் உதவுகிறது. வெறும் தரையில் கையோட்டமாக அறுகோணங்களை இழுத்துப் பாருங்கள், நாலாவது வரிசையில் கோணிவிடும். புள்ளி வைத்துவிட்டால் கை தானே போகும். தண்ணீருக்கும் யாராவது புள்ளி வைத்துக் கொடுக்க வேண்டும். 1946-இல் அமெரிக்காவில் வின்சென்ட் ஷேஃபர் உலர்பனியை (உறைந்த கார்பன் டை ஆக்சைடை) தூவி, அதன் கடுங்குளிராலேயே மேகத் துளிகளை உறையவைத்தார். அதே ஆண்டில் அவருடன் பணியாற்றிய பெர்னார்ட் வானகட், பனிக்கட்டியின் அடுக்குக்கு மிக நெருங்கிய அணு இடைவெளி கொண்ட பொருளைத் தேடிச் சில்வர் அயோடைடில் வந்து நின்றார். மழைக்காக மேகத்தில் இப்படிப் பொருளைத் தூவும் மேக விதைப்பில் இன்றைக்கும் அதுதான் பெரும்பங்கு வகிக்கிறது. ஆனால் அதன் புள்ளி வேலை செய்ய மேகம் மைனஸ் 5 டிகிரிக்கும் கீழே இருக்க வேண்டும். நம் பக்கத்தில் பூஜ்ஜிய டிகிரியே சுமார் 5 கிலோமீட்டர் உயரத்தில்தான் வருகிறது. தொட்டபெட்டாவின் உச்சி 2,637 மீட்டர். குன்னூர்ச் சாலையில் பஸ்ஸின் கண்ணாடியை ஈரமாக்கும் மேகத்தில் எவ்வளவு தூவினாலும் பயனில்லை.

சில்வர் அயோடைடை விஞ்சும் புள்ளிக்காரர் ஒருவர் இருக்கிறார், இலைமேல். சூடோமோனாஸ் சிரிஞ்சே என்ற பாக்டீரியா. மைனஸ் 2 டிகிரியிலேயே தண்ணீரை உறையவைத்துவிடும். அதன் வெளிச்சவ்வில் ஒரு புரதம். அமினோ அமிலங்கள் புரதத்தின் கட்டுக்கற்கள். அவற்றில் 16 கொண்ட ஒரே வரிசை, சிறு மாற்றங்களுடன் பல பத்து முறை திரும்பத் திரும்ப வருகிறது. அது மடிந்து சுருளும்போது ஒரு பக்கம் தட்டையாகி, தண்ணீர் மூலக்கூறுகள் வந்து நிற்பதற்கான இடங்கள் வரிசையாக அமைகின்றன. ஒரு புரதத்தின் பரப்பு போதாது என்பதால் பல புரதங்கள் அருகருகே ஒட்டி நின்று தரையை அகலமாக்குகின்றன. நான் படித்த உயிர்வேதியியலில் இதைவிட அழகான ஏற்பாடு எனக்கு நினைவில் இல்லை.

எதற்காக இவ்வளவு சிரமம்? சாப்பாட்டுக்காக என்றே கருதுகிறார்கள். இந்த பாக்டீரியா இல்லாத இலை, மைனஸ் 4 வரைகூட உறையாமல் தப்பிக்கும். இருந்தால், இலைமேல் தொடங்கும் பனிக்கட்டி திசுவுக்குள் ஊசியாக இறங்கிச் செல்களைக் கிழிக்கும், சத்துநீர் கசியும், பாக்டீரியாவுக்கு விருந்து. ஜப்பானில் இதன் ஒரு வகை தேயிலையையும் தாக்குகிறது. ஊட்டியில் நீர்ப்பனி முடிந்து உறைபனி தொடங்கும் நாட்களில், தலைக்குந்தாவிலும் காந்தலிலும் புல்வெளி விடியற்காலையில் உப்புப் பூத்ததுபோல் கிடக்கும். மேகமில்லாத, காற்றில்லாத இரவில் தரை தன் வெப்பத்தை வானுக்கு விட்டுவிடுகிறது, கனத்த குளிர்காற்று பள்ளத்தில் வந்து தேங்குகிறது. மேட்டுத் தேயிலை பிழைத்துக்கொள்ளும்; பள்ளத்துத் தேயிலை வெயில் ஏறியதும் நுனியிலிருந்து கருகும்.

1987-இல் கலிஃபோர்னியாவில், பனிப் புரதத்தின் மரபணு நீக்கப்பட்ட பாக்டீரியாவை ஸ்ட்ராபெரிச் செடிகளில் தெளித்துப் பார்த்தார்கள். நல்லது இடத்தைப் பிடித்துக்கொண்டால் கெட்டதற்கு இடமிருக்காது என்பது கணக்கு. எதிர்ப்பாளர்கள் இரவோடிரவாக வந்து செடிகளைப் பிடுங்கிப் போட்டார்கள். கேள்வி கேட்கும் உரிமை அவர்களுக்கு உண்டு, செடியைப் பிடுங்குவது கேள்வியாகாது. மறுபக்கம், இதே பாக்டீரியாவைக் கொன்று உலர்த்திய தூள், பனிச்சறுக்குத் தளங்களில் செயற்கைப் பனி தயாரிக்க விற்பனையாகிறது. முகிலரின் பச்சிலைப் பொடி ஏற்கெனவே மூட்டையில் வருகிறது!

இலையிலிருந்து காற்றில் ஏறும் இந்த பாக்டீரியா மேகத்திலும் ஆலங்கட்டியின் நடுவிலும் அகப்பட்டிருக்கிறது. மழையைத் தூண்டி, அதிலேறி அடுத்த செடிக்கு இறங்குகிறது என்ற கருதுகோளை 1980களில் டேவிட் சாண்ட்ஸ் முன்வைத்தார். மேகத்தில் தூசியோடு ஒப்பிட்டால் இவற்றின் எண்ணிக்கை சொற்பம் என்பதால் வழக்கு இன்னும் முடியவில்லை.

தூவினோம், பெய்தது. தூவாவிட்டால் பெய்திருக்காதா? கழுதைக்குக் கல்யாணம் செய்துவைப்பதும், 2019-இல் கோயில்களில் மழை வேண்டி யாகம் நடத்தச் சுற்றறிக்கை அனுப்பியதும் தோற்பது இந்தக் கேள்வியில்தான். 1980களிலும் 90களிலும் தமிழ்நாட்டில் நடந்த மேக விதைப்பும் இதே கேள்விக்குப் பதில் சொல்லியாக வேண்டும். 2017 ஜனவரியில் அமெரிக்காவின் ஐடஹோ மலைகளில் விமானம் குறுக்கும் நெடுக்குமாகப் பறந்து தூவிய தடத்திலேயே பனி விளைந்ததை ரேடார் வளைவு வளைவாகக் காட்டியது. அந்தப் படம் கிடைக்க எழுபது ஆண்டுகள் ஆயின. வறட்சி வந்த பிறகு விமானத்தை வாடகைக்குத் தேடும் அரசுகள், நல்ல ஆண்டுகளில் மலையெங்கும் மழைமானிகளுக்குச் செலவிட்டிருந்தால் ஒப்பிட்டுப் பார்க்கவாவது எண்கள் கையில் இருக்கும்.

ஆகவே, நாவலில் குழாமுக்குக் கூலி கொடுக்கும் அரசனுக்கு ஒரு கணக்கரை வையுங்கள். ஒவ்வொரு மேகம் வரும்போதும் அவர் நாணயத்தைச் சுண்டட்டும். தலை விழுந்தால் முகிலர் ஊத வேண்டும், பூ விழுந்தால் சும்மா இருக்க வேண்டும். இரண்டுக்கும் மழையை அளந்து ஏட்டில் குறிக்கட்டும். சில பருவங்கள் இப்படிப் போனால் பாதிப் பேர் வேறு நாடு பார்த்துக் கிளம்பிவிடுவார்கள். மீதிப் பேர் உறைபனிப் பிரிவுக்கு மாற்றல் கேட்கலாம். தெளிந்த இரவு, பள்ளத்துத் தோட்டம், ஒரு குடம் பாக்டீரியாக் கரைசல்: அங்கே வேலை நிச்சயம்.