விறகுக் கட்டும் எடைச் சட்டமும்: வாங்குபவரும் விற்பவரும் தெரிந்துகொள்ள வேண்டியவை

கல்யாணச் சமையலுக்கோ டீக்கடைக்கோ விறகு சொல்லும்போது, மதுரைப் பக்கம் இன்னமும் ‘நாலு கட்டு’ என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. ஒரு கடையின் கட்டு 15 கிலோ இருக்கும், அடுத்த கடையில் 11 கிலோதான் இருக்கும். கட்டு விலையை மட்டும் பார்த்தால் எது மலிவு என்று தெரியாது. நிறுத்துப் போடச் சொல்லுங்கள், கிலோ விலையைக் கேளுங்கள்.

2009-ஆம் ஆண்டின் எடையளவுச் சட்டம் 2011 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. எடைக்கு விற்கும் விறகுக்கு கிலோ, குவிண்டால், டன் கணக்கில்தான் விலை சொல்ல வேண்டும். மணங்கு, தூக்கு போன்ற பழைய அளவுகள் எல்லாம் பில்லில் செல்லாது. கடைத் தராசைச் சரிபார்த்து இடும் அரசு முத்திரையும் கட்டாயம். மின்னணுத் தராசுக்கும் வண்டியோடு நிறுக்கும் எடைமேடைக்கும் 12 மாதத்துக்கு ஒருமுறை, படிக்கல்லுக்கும் கைத்தராசுக்கும் 24 மாதத்துக்கு ஒருமுறை. முத்திரைச் சான்றிதழ் கடையில் கண்ணில் படும்படி மாட்டியிருக்க வேண்டும். அதைக் காட்டச் சொல்லிக் கேட்க வாடிக்கையாளர் தயங்கவே வேண்டாம்.

வண்டி லோடாக எடுப்பவர்கள்தான் அதிகம் ஏமாறுகிறார்கள். லோடு எடைச் சீட்டு ஒழுங்காக அச்சாகி வரும். வெற்று வண்டி எடையை மட்டும் பேனாவில் எழுதிக் கழித்துவிடுவார்கள். அந்த எண்ணில் 100 கிலோ குறைந்தால், 100 கிலோ வண்டி இரும்புக்கும் விறகு விலை கொடுக்கிறீர்கள் என்று அர்த்தம். விறகை இறக்கியதும் வண்டியை அதே எடைமேடையில் திரும்ப ஏற்றி, இரண்டாவது சீட்டையும் வாங்குங்கள். நாலைந்து கட்டுகளை மட்டும் எடைமேடையில் நிறுக்காதீர்கள். பத்துப் பத்து கிலோவாகக் காட்டும் மேடையில் சின்னச் சுமையின் எடையை நம்ப முடியாது.

அடுத்தது ஈரம். பச்சை விறகின் எடையில் பாதிவரை தண்ணீராக இருக்கலாம். தராசு சரியாக இருந்தும் நஷ்டம் வருவது இதனால்தான். இரண்டு கட்டையை ஒன்றோடொன்று தட்டிப் பாருங்கள்: காய்ந்தது கணீரென்று ஒலிக்கும், ஈரக்கட்டை மந்தமாக ஒலிக்கும். வெட்டுமுனையில் வெடிப்பு ஓடியிருந்தால் சீமைக்கருவேல் ஓரளவு காய்ந்திருக்கிறது. பில்லில் ‘காய்ந்த விறகு’ என்று எழுதி வாங்கினால், ஈர விறகு வந்தபோது கேட்க ஆதாரம் கையில் இருக்கும். விறகுக்கு ஜிஎஸ்டி கிடையாது; பில்லில் அதைச் சேர்த்திருந்தால் கழிக்கச் சொல்லுங்கள்.

விற்பவர்களுக்கும் ஒரு விஷயம். ‘5 கிலோ’ என்று முன்கூட்டியே கட்டி அடுக்கி விற்றால், பொட்டலப் பொருள் விதிகள் பொருந்தும். நிகர எடை, அதிகபட்ச சில்லறை விலை, கட்டியவர் பெயர், முகவரி, கட்டிய மாதம், வருடம், புகாருக்கான தொலைபேசி எண் ஆகியவற்றை லேபிளில் எழுத வேண்டும். வாங்குபவர் முன்னால் நிறுத்துக் கட்டினால் இது தேவையில்லை.

எடை குறைந்தால் பில்லோடு தொழிலாளர் உதவி ஆணையர் (அமலாக்கம்) அலுவலகத்தில் எழுத்து மூலம் புகார் கொடுக்கலாம். தமிழ்நாட்டில் எடையளவுச் சட்டத்தைப் பார்ப்பது தொழிலாளர் துறைதான். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. இழப்பீடு வேண்டுமென்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கு இரண்டு ஆண்டுகளுக்குள் போக வேண்டும். கொடுத்த பணம் 5 லட்சம் ரூபாய் வரை என்றால் மனுவுக்குக் கட்டணம் இல்லை.