கத்தரிக்கோலுக்கு முன்னாடி துண்டு போட்டு இடம் பிடிக்கிற மாத்திரை

ஒரு வாசகி கேட்டிருந்தாங்க, பீரியட்ஸ்ல ரொம்ப போகுதுன்னு டாக்டர் ட்ரானெக்ஸாமிக் ஆசிட் எழுதிக் கொடுத்தாங்க, அது ரத்தத்தை உறைய வச்சிடுமான்னு. இல்லைங்க. அது எதையும் உறைய வைக்காது, உறைஞ்சதைக் கரைய விடாம பாத்துக்கும், அவ்ளோதான்.

காயம் பட்டா ஃபைப்ரின்னு ஒரு நூல் வலை பின்னிக்கும், அது ஸ்கூல்லயே படிச்சதுதான். அந்த வலையை அறுக்க ஒரு கத்தரிக்கோலும் ரத்தத்துலயே சுத்திட்டு இருக்கு. மூடியிருக்கறப்ப பேரு பிளாஸ்மினோஜென், திறந்துட்டா பிளாஸ்மின். ஆனா இது முதல்ல நூலைப் பிடிச்சுக்கணும். ஃபைப்ரின்ல அங்கங்க லைசின் (நம்ம பருப்புல இருக்குற அதே அமினோ அமிலம்தான்) கொக்கி மாதிரி நீட்டிட்டு இருக்கும், கத்தரிக்கோல்ல அது மாட்டுறதுக்குன்னே ஒரு பள்ளம். அந்தப் பள்ளம் இருக்குற மடிப்புக்கு கிரிங்கிள்னு பேரு, ஸ்காண்டிநேவியா பக்கத்துப் பலகாரம் ஒண்ணோட பேரு அது, நம்மாளு பாத்திருந்தா முறுக்குன்னு வச்சிருப்பாரு. லைசின் ஜாடையில இருக்குற ட்ரானெக்ஸாமிக் ஆசிட் முந்திட்டுப் போய் அந்தப் பள்ளத்துல உக்காந்துக்கும், பஸ்ல ஜன்னல் வழியா துண்டு போட்டு சீட் பிடிப்போமே அப்படி. கத்தரிக்கோல் இருக்கு, ஆனா நூலைப் பிடிக்க வழியில்ல!

கண்டுபிடிச்சது ஜப்பான்ல உடாகோ ஒகமோடோ, கணவர் ஷோசுகேவோட சேர்ந்து, 1962ல. அவங்க ஆராய்ச்சி ஆரம்பிச்சப்ப இரண்டாம் உலகப் போர் முடிஞ்சு லேப்ல ஒண்ணுமில்லாத காலம், ரத்தம்னா பத்தலைன்னா நம்மளோடதையே எடுத்துக்கலாம்னுதான் அந்த சப்ஜெக்டையே எடுத்தாங்களாம். குழந்தையை முதுகுல கட்டிட்டு வேலை. ஆராய்ச்சியைப் பத்திப் பேச மேடை ஏறினா டான்ஸ் ஆடப் போறீங்களான்னு ஆம்பளைங்க கிண்டல். முதல்ல கிடைச்ச மருந்தோட நிக்காம, அதைவிட 27 மடங்கு வீரியமான இதைப் பிடிச்சாங்க.

பிரசவத்துல ரத்தம் கொட்டுற பெண்களுக்கு இதைக் கொடுத்துப் பாக்கணும்னு அந்தம்மாவுக்கு ரொம்ப ஆசை, ஜப்பான்ல கோபே நகரத்து டாக்டர்ங்க யாரும் அசையல. மலிவு மருந்துக்கு யாரு காசைப் போட்டு ட்ரையல் நடத்துவா, இதுக்கெல்லாம் அரசாங்கம்தான் பணம் ஒதுக்கணும்ங்கறது என் கட்சி. கடைசில 21 நாட்டுல 20,060 பெண்கள்கிட்ட சோதிச்சு 2017ல ரிசல்ட் வந்துச்சு, 3 மணி நேரத்துக்குள்ள ஊசி போட்டா ரத்தப்போக்கால வர்ற சாவு கிட்டத்தட்ட மூணுல ஒரு பங்கு குறையுது. அந்தம்மா 2016லயே, 98 வயசுல இறந்துட்டாங்க.

கேள்வி கேட்டவங்களுக்கு: முன்னாடி கால்லயோ நுரையீரல்லயோ ரத்தக்கட்டி வந்திருந்தா டாக்டர்கிட்ட சொல்லாம முழுங்காதீங்க. அப்புறம் கெட்ட ரத்தம்தானே, போகட்டும் விடுன்னு வீட்டுல யாராவது சொன்னா கேக்காதீங்க, போறது நல்ல ரத்தம்தான், ஹீமோகுளோபின் டெஸ்ட் எடுத்தா தெரிஞ்சிடும்.